பாஸ்போர்ட் எத்தனை நாளில் வரும்? தட்கல் போட்டால் எவ்வளவு சீக்கிரம்? – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ்நாட்டில் சென்னை, மதுரை, கோவை, திருச்சி என நான்கு மண்டல பாஸ்போர்ட் அலுவலகங்கள் உள்ளன. புதுச்சேரிக்காரர்களும் சென்னையின் கீழ்தான் வருகிறார்கள். எந்த ஊரில் இருந்து விண்ணப்பித்தாலும் விதியும் கட்டணமும் ஒன்றே. ஆனாலும் ஒருவருக்கு ஒரே வாரத்தில் வருகிறது, பக்கத்து வீட்டுக்காரருக்கு இரண்டு மாதம் இழுக்கிறது. அது ஏன், எங்கே நேரம் போகிறது, எதற்குக் காசு கட்டினால் பலன் உண்டு என்று பலரும் கேட்கும் கேள்விகளுக்கான பதில்கள் இவை.

முதல் முறையாக பாஸ்போர்ட் எடுக்கிறேன். மொத்தம் எத்தனை நாள் ஆகும்?

சாதாரண முறையில் 30 நாள் என்பது வெளியுறவுத் துறை சொல்லும் கணக்கு. இந்த 30 நாள், நீங்கள் வீட்டில் உட்கார்ந்து ஆன்லைனில் படிவம் நிரப்பிய அன்று தொடங்குவதில்லை. பாஸ்போர்ட் சேவா கேந்திராவில் ஆவணங்களைக் காட்டி, கைரேகை வைத்து, ரசீதோடு வெளியே வந்த நாளில்தான் தொடங்குகிறது. அதற்கு முன்னால் அப்பாயின்ட்மென்ட்டுக்குக் காத்திருந்த நாட்கள் எந்தக் கணக்கிலும் வராது.

ஆக, காத்திருப்பு மூன்று துண்டாக இருக்கிறது. அப்பாயின்ட்மென்ட் கிடைக்கும்வரை ஒன்று, போலீஸ் விசாரணை முடியும்வரை ஒன்று, அச்சாகி ஸ்பீட் போஸ்ட்டில் வந்து சேரும்வரை ஒன்று. மூன்றாவது துண்டு சில நாட்கள்தான், அதில் பெரும்பாலும் சிக்கல் வராது. முதல் துண்டு சீசனைப் பொறுத்தது. கோடை விடுமுறைக்கு முன்பும், வெளிநாட்டுக் கல்லூரிகளில் சேர்க்கை நடக்கும் மாதங்களிலும் இடம் கிடைப்பது கஷ்டம். இருப்பதிலேயே நீளமானது நடுத்துண்டு. போலீஸார் 21 நாளுக்குள் அறிக்கை அனுப்ப வேண்டும் என்று இலக்கு இருக்கிறது. சில ஸ்டேஷன்களில் அதற்கு முன்பே முடிகிறது, சிலவற்றில் தாண்டுகிறது.

தட்கல் கட்டணம் கட்டினால் எது வேகமாகும்?

கூடுதலாகக் கட்டும் 2,000 ரூபாய்க்கு முக்கியமாகக் கிடைப்பது ஒன்றுதான்: போலீஸ் அறிக்கை வரும்வரை காத்திருக்காமல் பாஸ்போர்ட்டை அச்சடித்து அனுப்பிவிடுவார்கள். விசாரணை பிறகு நடக்கும். அதாவது மேலே சொன்ன நடுத்துண்டை உங்கள் காத்திருப்பிலிருந்து எடுத்துவிடுகிறார்கள். இதோடு தட்கலுக்கென்று தனி அப்பாயின்ட்மென்ட் ஒதுக்கீடும் உண்டு.

உங்கள் ஆவணங்களில் இருக்கும் பெயர்க் குழப்பத்தை தட்கல் தீர்க்காது. மார்க் ஷீட்டில் ஒரு பிறந்த தேதி, ஆதாரில் இன்னொரு பிறந்த தேதி என்றிருந்தால் எவ்வளவு கட்டினாலும் ஃபைல் நின்றுவிடும். தட்கல் போட்டும் வரவில்லை என்று புலம்புகிறவர்களிடம் கொஞ்சம் விசாரித்துப் பார்த்தால் பெரும்பாலும் இந்த மாதிரி ஒரு முரண்பாடு வெளியே வரும்.

தட்கலில் சரியாக எத்தனை நாள்?

போலீஸ் விசாரணையே தேவையில்லாத விண்ணப்பம் என்றால் மறுநாள் அனுப்ப வேண்டும். விசாரணை பிறகு நடக்கும் என்ற வகை என்றால் மூன்றாவது வேலை நாளில். இரண்டிலும் நீங்கள் மையத்துக்குப் போன நாளைக் கணக்கில் சேர்க்கக் கூடாது, விடுமுறை நாட்களையும் சேர்க்கக் கூடாது.

திங்கட்கிழமை போய் வந்தீர்கள் என்று வைத்துக்கொள்வோம். விசாரணை இல்லாவிட்டால் செவ்வாய், பிறகு விசாரணை என்றால் வியாழன் பாஸ்போர்ட் கிளம்பும். இது அலுவலகத்தைவிட்டுக் கிளம்பும் நாள்தான். அதன் பிறகு தபாலுக்கு ஓரிரு நாள் ஆகும், கிராமம் என்றால் இன்னும் கொஞ்சம் கூடலாம். வியாழக்கிழமை போனவருக்கு நடுவில் சனி, ஞாயிறு வந்துவிடும் என்பதால், அவசரக்காரர்கள் வாரத் தொடக்கத்தில் அப்பாயின்ட்மென்ட் எடுப்பது நல்லது.

மூன்றாவதாக ஒரு வகையும் உண்டு. தட்கலாகவே இருந்தாலும், போலீஸ் அறிக்கையை முதலில் வாங்கியாக வேண்டும் என்று அதிகாரி முடிவு செய்யலாம். அப்போது நல்ல அறிக்கை வந்த பிறகுதான் நாட்கணக்கு தொடங்கும். தட்கல் யாருக்கும் உரிமை கிடையாது. கொடுப்பதும் மறுப்பதும் பாஸ்போர்ட் அதிகாரியின் முடிவு.

கட்டணம் எவ்வளவு?

பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகம் 1,500 ரூபாய், 60 பக்கம் 2,000 ரூபாய். தட்கலில் இவை 3,500, 4,000 ஆகும். 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு 1,000 ரூபாய், தட்கலில் 3,000. புதிதாக எடுக்கும் 8 வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கும் 60 வயது தாண்டியவர்களுக்கும் 10 சதவீதம் தள்ளுபடி இருக்கிறது. பலர் இதைக் கவனிப்பதே இல்லை.

தட்கல் போடுகிறவர்கள் ஆன்லைனில் சாதாரணக் கட்டணத்தை மட்டும் கட்டினால் போதும். மீதி 2,000 ரூபாயை மையத்தில் கட்டலாம், அதனால் கையில் பணம் எடுத்துக்கொண்டு போங்கள். ஆன்லைனில் கட்டிய பணம் ஒரு வருடம் செல்லும்.

36 பக்கமா 60 பக்கமா என்பதால் நாட்களில் எந்த வித்தியாசமும் இல்லை. அடிக்கடி பறக்கிறவராக இல்லாவிட்டால் 36 போதும்.

தட்கலுக்கு என்னென்ன ஆவணம் வேண்டும்? கெசட்டட் ஆபீசர் கையெழுத்து வாங்க வேண்டுமா?

வேண்டாம். உயர் அதிகாரி ஒருவரிடம் சான்றிதழ் வாங்கி வரும் பழைய முறை 2018-ஓடு போய்விட்டது. அதற்காக இப்போதும் தெரிந்த அதிகாரியைத் தேடி அலைகிறவர்கள் இருக்கிறார்கள், பாவம்.

இப்போது, பட்டியலில் உள்ள ஆவணங்களில் ஏதாவது மூன்றைக் காட்ட வேண்டும். ஆதார், வாக்காளர் அட்டை, பான் கார்டு, ஓட்டுநர் உரிமம், ரேஷன் கார்டு, வங்கி அல்லது தபால் நிலையப் பாஸ்புக், பிறப்புச் சான்றிதழ், சாதிச் சான்றிதழ், கல்வி நிறுவனம் கொடுத்த போட்டோ அடையாள அட்டை, ஓய்வூதிய ஆவணம், அரசு ஊழியர் அடையாள அட்டை, பழைய பாஸ்போர்ட் ஆகியவை அந்தப் பட்டியலில் இருக்கின்றன. நம் ஊரில் ஆதார், பான், வாக்காளர் அட்டை மூன்றும் பெரும்பாலோரிடம் உண்டு. ஆனால் மூன்றிலும் பெயர் ஒரே மாதிரி இருக்கிறதா என்று முதல் நாளே ஒரு தடவை பாருங்கள். ஒன்று ஒத்துவராவிட்டால் நாலாவதாக ஒன்றைக் கையில் வைத்திருங்கள்.

ஒரிஜினல் கட்டாயம். டிஜிலாக்கர் வழியாக இணைத்த ஆவணங்களையும் ஏற்கிறார்கள். போட்டோ எடுத்துப் போக வேண்டாம், அங்கேயே எடுப்பார்கள். நான்கு வயதுக்குக் குறைந்த குழந்தைக்கு மட்டும் வெள்ளைப் பின்னணியில் எடுத்த போட்டோ வேண்டும்.

யாருக்குத் தட்கல் கிடையாது?

பெயரை முழுதாக மாற்றுகிறவர்கள், தத்தெடுக்கப்பட்ட குழந்தைகள், குறுகிய காலத்துக்கு மட்டும் கொடுத்த பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கிறவர்கள், இந்தியக் குடியுரிமையைப் பதிவு மூலம் பெற்றவர்கள், வெளிநாட்டிலிருந்து நாடுகடத்தப்பட்டவர்கள் போன்ற வகைகளுக்கு இல்லை. சுருக்கமாகச் சொன்னால், யார் என்று உறுதி செய்யவே நேரம் எடுக்கும் இடங்களில் தட்கல் இல்லை.

என் பெயரில் இனிஷியல் இருக்கிறது. படிவத்தில் எப்படி எழுதுவது?

நம் ஊர் விண்ணப்பங்கள் அதிகம் தடுமாறுவது இந்த இடத்தில்தான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். பாஸ்போர்ட்டில் இனிஷியல் கிடையாது. எல்லாவற்றையும் விரித்து எழுத வேண்டும். படிவத்தில் ‘கிவன் நேம்’ என்று ஒரு கட்டம், ‘சர்நேம்’ என்று இன்னொரு கட்டம். நமக்கோ குடும்பப் பெயர் வழக்கம் இல்லை, அப்பா பெயரின் முதல் எழுத்துதான் உண்டு. பெரும்பாலோர் தன் பெயரை முதல் கட்டத்திலும், இனிஷியலை விரித்து அப்பா பெயரை இரண்டாவது கட்டத்திலும் எழுதுகிறார்கள். அது சரிதான்.

இரண்டாவது கட்டத்தை வெறுமையாக விட்டாலும் பாஸ்போர்ட் வந்துவிடும். தொல்லை பிறகு ஆரம்பிக்கும். அமெரிக்க விசாவில் உங்கள் பெயர் குடும்பப் பெயர் இடத்துக்குப் போய், சொந்தப் பெயர் இடத்தில் ‘எஃப்என்யு’ (‘ஃபர்ஸ்ட் நேம் அன்நோன்’, அதாவது சொந்தப் பெயர் தெரியவில்லை) என்று வந்து உட்காரும். ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருப்பவர்களை விசிட் விசாவில் அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. பின் பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் ஏற்கலாம் என்று பிறகு விளக்கம் கொடுத்தார்கள். துபாய் போகிற எண்ணம் இருந்தால் இரண்டு கட்டத்தையும் நிரப்பிவிடுவது நிம்மதி.

அடுத்து, எழுத்துக்கூட்டல். சுப்பிரமணியன் என்ற பெயரை ஆங்கிலத்தில் எழுத எத்தனை வழி உண்டோ அத்தனையும் ஒரே வீட்டு ஆவணங்களில் பார்க்கலாம். ஒரு கார்டில் கடைசி எழுத்து ‘என்’, இன்னொன்றில் ‘எம்’. ஜோதிக்கு ஒரு இடத்தில் ‘டி’யோடு ‘எச்’ இருக்கும், இன்னொரு இடத்தில் இருக்காது. தமிழில் படிக்கும்போது நமக்கு இது தவறாகவே தெரியாது. கவுன்டரில் இருப்பவர் ஆங்கில எழுத்தைத்தான் ஒப்பிடுவார். பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டை அடிப்படையாக வைத்துக்கொண்டு, அதற்கு ஏற்றபடி ஆதாரைத் திருத்திய பிறகு விண்ணப்பித்தால் நல்லது. ஆதார் திருத்தத்துக்கு ஆகும் நாட்கள் வீண் என்று தோன்றும். திருத்தாமல் போய் கவுன்டரில் திருப்பி அனுப்பப்பட்டால், திரும்ப அப்பாயின்ட்மென்ட் பிடிக்க அதைவிட அதிக நாள் ஆகும்.

அப்பாயின்ட்மென்ட்டே கிடைக்கவில்லை. என்ன செய்வது?

2018 ஜூன் முதல் இந்தியாவில் எந்த மையத்திலும் விண்ணப்பிக்கலாம். உங்கள் முகவரி திண்டுக்கல்லாக இருந்தாலும் சென்னையிலோ பெங்களூரிலோ கொடுக்கலாம். போலீஸ் விசாரணை மட்டும் படிவத்தில் எழுதிய முகவரியில் நடக்கும், பாஸ்போர்ட்டும் அங்கேயே வரும்.

சென்னையில் சாலிகிராமம், அமைந்தகரை, தாம்பரம் என மூன்று மையங்கள். மதுரை, கோவை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலியிலும் பெரிய மையங்கள் இருக்கின்றன. இவை போக 2017 முதல் தலைமைத் தபால் நிலையங்களில் சின்ன மையங்கள் வந்தன. சாதாரண விண்ணப்பம் என்றால் அந்தத் தபால் நிலைய மையங்களையும் பாருங்கள், சில சமயம் பெரிய மையத்தைவிட முன்னதாகவே இடம் கிடைக்கும். தட்கலுக்குப் பெரிய மையமே நல்லது.

அதிகம் பேருக்குத் தெரியாத ஒன்று: தட்கல் ஒதுக்கீட்டில் இடம் இல்லாவிட்டால், தட்கல் விண்ணப்பத்தைச் சாதாரண ஒதுக்கீட்டிலும் பதிவு செய்யலாம். தேதி எதில் கிடைத்தாலும் விண்ணப்பம் தட்கலாகவே நடத்தப்படும். தேதியை மாற்றவும் வசதி உண்டு, ஆனால் வருடத்துக்கு மூன்று முறைதான். ஒருவர் தேதி மாற்றினால் அந்த இடம் வேறு யாருக்காவது திறக்கும், அதனால் விடாமல் பார்த்துக்கொண்டே இருப்பவருக்குக் கிடைக்கிறது.

அப்பாயின்ட்மென்ட் இல்லாமல் நேரே போனால் உள்ளே விடுவார்களா?

மருத்துவ அவசரம், குடும்பத்தில் மரணம் போன்ற காரணங்களுக்கு விடலாம். அதற்கும் படிவத்தை ஆன்லைனில் நிரப்பி, விண்ணப்ப எண்ணோடு, காரணத்துக்கான காகிதத்தோடு போக வேண்டும். மையத்தின் பொறுப்பாளரோ பாஸ்போர்ட் அதிகாரியோ பார்த்து முடிவு செய்வார். டிக்கெட் போட்டுவிட்டேன் என்பது அவசரக் காரணமாக எடுபடுவது அரிது. பாஸ்போர்ட் கைக்கு வரும் முன் திரும்பப் பெற முடியாத டிக்கெட் எடுக்காதீர்கள். ஏஜென்ட் எவ்வளவு உறுதியாகச் சொன்னாலும் சரி.

மையத்துக்குள் என்ன நடக்கும்?

ஏ, பி, சி என்று மூன்று கவுன்டர் வரிசை. ஏ-யில் இருப்பவர்கள் டிசிஎஸ் நிறுவன ஊழியர்கள், ஆவணத்தை ஸ்கேன் செய்து, போட்டோவும் கைரேகையும் எடுப்பார்கள். பி, சி இரண்டிலும் அரசு அதிகாரிகள். பி-யில் ஆவணங்களைச் சரிபார்ப்பார்கள், சி-யில் இருப்பவர் கொடுப்பதா வேண்டாமா என்று முடிவு செய்வார். ஏ-யில் உங்கள் விவரங்களைத் திரையில் காட்டும்போது ஒவ்வொரு எழுத்தாகப் படித்துப் பாருங்கள். பின்னால் வரிசை நிற்கிறதே என்று கூச்சப்பட்டுத் தலையாட்டிவிட்டால், அப்புறம் திருத்தத்துக்குத் திரும்பவும் கட்டணம், திரும்பவும் அலைச்சல்.

போலீஸ் வெரிஃபிகேஷனில் என்ன பார்ப்பார்கள்? எப்படி விரைவாக முடிப்பது?

அந்த முகவரியில் இருக்கிறீர்களா, உங்கள் மேல் வழக்கு இருக்கிறதா, இந்தியக் குடிமகனா என்பதைத்தான் பார்க்கிறார்கள். ஃபைல் உங்கள் மாவட்டக் காவல்துறைக்கு ஆன்லைனில் போய், அங்கிருந்து உங்கள் பகுதி ஸ்டேஷனுக்கு வரும். வீட்டுக்கு வரலாம், அல்லது போன் செய்து ஸ்டேஷனுக்கு ஆவணங்களோடு வரச் சொல்லலாம்.

தாமதத்துக்குப் பெரும்பாலும் காரணம் முகவரி. ஊரில் அம்மா அப்பா வீடு, வேலை சென்னையில், தங்கியிருப்பது விடுதியில். ஆதாரில் ஊர் முகவரி இருக்கிறதே என்று அதையே எழுதிவிடுகிறார்கள். போலீஸ் வீட்டுக்கு வரும்போது ஆள் இல்லை. ஒருமுறை பார்த்துவிட்டு, விண்ணப்பதாரர் இங்கே வசிக்கவில்லை என்று எழுதி அனுப்பிவிட்டால் ஃபைல் பாதகமான அறிக்கையோடு நின்றுவிடும். எங்கே வசிக்கிறீர்களோ அந்த முகவரியை எழுதுங்கள். அதற்கு ஆதாரம் வேண்டும் என்றால் வங்கிப் பாஸ்புக்கில் முகவரியை மாற்றுவது சுலபமான வழி. கல்லூரி விடுதியில் இருக்கும் மாணவர்கள் கல்லூரியிலிருந்து போனஃபைட் சான்றிதழ் வாங்கிக்கொள்ளலாம்.

படிவத்தில் உங்களைத் தெரிந்த இரண்டு பேரின் பெயரும் போன் நம்பரும் கேட்பார்கள். எழுதுகிறவர்கள் அவர்களிடம் ஒரு வார்த்தை சொல்லிவைப்பதில்லை. தெரியாத நம்பரில் இருந்து ‘இவரைத் தெரியுமா’ என்று யாராவது கேட்டால் எந்த மனிதர் உடனே ஆமாம் என்பார்? பக்கத்து வீட்டுக்காரர், கடைக்காரர் என்று அதே பகுதியில் இருப்பவர்களை எழுதி, முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

மையத்துக்குப் போய்வந்த சில நாட்களில் போன் வரவில்லை என்றால் ஸ்டேஷனுக்கு நேரே போய், ஃபைல் நம்பரைக் காட்டி, வந்துவிட்டதா என்று கேட்கலாம். அதில் தவறு ஒன்றுமில்லை. பல ஃபைல்கள் அப்படிக் கேட்ட பிறகுதான் நகர்கின்றன.

வெரிஃபிகேஷனுக்கு வந்தவர் டீ செலவுக்குக் கேட்கிறார். கொடுக்க வேண்டுமா?

வேண்டாம். இதற்கென்று ஒரு பைசா கட்டணமும் கிடையாது. 21 நாளுக்குள் முடித்து அனுப்பும் ஒவ்வொரு விசாரணைக்கும் மத்திய அரசே மாநிலக் காவல்துறைக்கு 150 ரூபாய் கொடுக்கிறது. தாமதமானால் அது 50 ரூபாய்தான். வற்புறுத்தினால் லஞ்ச ஒழிப்புத் துறையில் புகார் செய்யலாம்.

கொடுத்தால் சீக்கிரம் வரும் என்று சொல்பவர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். கொடுக்காமலேயே சீக்கிரம் வந்தவர்கள் யாரிடமும் போய்ச் சொல்வதில்லை.

போலீஸ் அறிக்கை பாதகமாகப் போய்விட்டது. எல்லாம் முடிந்ததா?

இல்லை. மண்டல அலுவலகத்தில் இருந்து விளக்கம் கேட்டுக் கடிதம் வரும். ஆள் இல்லை என்பது மட்டும்தான் காரணம் என்றால், முகவரி ஆதாரத்தோடு பதில் கொடுத்து மறு விசாரணைக்குக் கேட்கலாம். கடிதம் வந்தும் கண்டுகொள்ளாமல் இருப்பதுதான் கெடுதல், ஃபைலை மூடிவிடுவார்கள்.

தட்கலில் பாஸ்போர்ட் கைக்கு வந்த பிறகு பாதகமான அறிக்கை போனாலும் நோட்டீஸ் வரும். பதில் திருப்தியாக இல்லாவிட்டால் பாஸ்போர்ட்டை முடக்கவும் முடியும். வந்துவிட்டதே என்று விசாரணைக்கு வரும் போனை எடுக்காமல் இருக்காதீர்கள்.

என் மேல் ஒரு வழக்கு இருக்கிறது. மறைத்துவிட்டால் சீக்கிரம் வருமா?

மறைக்கவே கூடாது. பாஸ்போர்ட் சட்டம், 1967-இன்படி தவறான தகவல் கொடுப்பதே தனிக் குற்றம். இரண்டு ஆண்டுவரை சிறைத் தண்டனை உண்டு.

குற்ற வழக்கு நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தால் சட்டத்தின் 6(2)(எஃப்) பிரிவின்படி மறுக்கலாம். ஆனால் 1993 ஆகஸ்ட் 25-ஆம் தேதி வெளியான அறிவிப்பு ஒரு வழி கொடுக்கிறது. அந்த நீதிமன்றத்திலேயே வெளிநாடு போக அனுமதி வாங்கி வந்தால் பாஸ்போர்ட் கிடைக்கும். எத்தனை காலத்துக்கு என்று உத்தரவில் குறிப்பிட்டால் அத்தனை காலம், குறிப்பிடாவிட்டால் ஒரு வருடம். வக்கீலிடம் மனுவை எழுதச் சொல்லும்போதே, எத்தனை வருடத்துக்கு என்பதைச் சேர்க்கச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் ஒவ்வொரு வருடமும் இதே அலைச்சல்தான்.

புதுப்பிப்பதற்கு எவ்வளவு நாள்?

முகவரியும் பெயரும் மாறாமல், காலாவதி மட்டும் நெருங்குகிறது என்றால் இதுதான் இருப்பதில் சுலபமானது. போலீஸ் விசாரணை தேவையில்லை என்று முடிவானால் 7 வேலை நாளில் வரும். இந்த நிலையில் தட்கலுக்கு 2,000 ரூபாய் கூடக் கட்டினால் மிச்சமாவது சில நாட்களே. அந்த வாரமே பயணம் இல்லாவிட்டால் எனக்கு அது வீண் செலவாகத்தான் படுகிறது.

காலாவதி ஆவதற்கு ஒரு வருடம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். பல நாடுகள் குறைந்தது ஆறு மாதம் மீதம் இருக்க வேண்டும் என்று கேட்கின்றன, அதனால் கடைசி வருடத்தின் முதல் பாதியிலேயே கொடுத்துவிடுவது நல்லது. காலாவதியாகி மூன்று வருடம் தாண்டிவிட்டால் படிவத்தில் அதற்குத் தனி வகை இருக்கிறது. அப்போது 7 நாளை நம்ப வேண்டாம்.

முகவரி மாறியிருந்தாலும் புதுப் புத்தகம்தான், விசாரணையும் வரலாம்.

குழந்தைக்கு எடுக்க வேண்டும். அப்பா சவுதியில் இருக்கிறார். முடியுமா?

முடியும். பெற்றோர் இருவரும் கையெழுத்துப் போடும் ‘அனெக்ஸர் டி’ உறுதிமொழி வேண்டும், அப்பா அங்கே கையெழுத்திட்டு அனுப்பலாம். அவர் கையெழுத்தே வாங்க முடியாத நிலை என்றால் ‘அனெக்ஸர் சி’ என்று தனியாக ஒன்று இருக்கிறது. அதில் காரணத்தை எழுதி ஒருவரே கையெழுத்திடலாம். பெற்றோரிடம் செல்லுபடியாகும் பாஸ்போர்ட் இருந்தால் குழந்தைக்குப் பெரும்பாலும் போலீஸ் விசாரணை வராது, அதனால் சாதாரண முறையிலேயே சீக்கிரம் வந்துவிடும்.

பிறப்புச் சான்றிதழில் குழந்தையின் பெயர் சேர்க்கப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். நம் ஊரில் பெயர் இல்லாமல் பதிவு செய்துவிட்டு அப்படியே விட்டுவிடுவது வழக்கம். 2023 அக்டோபர் 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்தவர்களுக்கு, பிறந்த தேதிக்கு ஆதாரமாகப் பிறப்புச் சான்றிதழ் மட்டுமே செல்லும்.

பாஸ்போர்ட் தொலைந்துவிட்டது.

முதலில் போலீஸில் பதிவு. தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் தொலைந்த ஆவணங்களுக்கான அறிக்கையை நீங்களே எடுக்கலாம், பாஸ்போர்ட்டும் அதில் அடங்கும். பிறகு தொலைந்த விவரத்தைச் சொல்லும் ‘அனெக்ஸர் எஃப்’ பிரமாணப் பத்திரத்தோடு விண்ணப்பிக்க வேண்டும். 36 பக்கத்துக்குக் கட்டணம் 3,000 ரூபாய். விசாரணை இல்லாமல் கையில் கொடுத்துவிடுவார்கள் என்று எதிர்பார்க்காதீர்கள். பழைய பாஸ்போர்ட்டின் நகல் இருந்தால் வேலை ரொம்பவே சுலபமாகும், அதனால் இப்போது கையில் இருப்பதை இன்றைக்கே போனில் படம் எடுத்து வைத்துவிடுங்கள்.

ஏஜென்ட் மூலம் போனால் வேகமாகுமா?

ஆகாது. அவர் நிரப்புவதும் நீங்கள் நிரப்பும் அதே படிவம்தான், அவர் பார்ப்பதும் அதே அப்பாயின்ட்மென்ட் பக்கம்தான். இணையம் பழக்கமில்லாதவர்கள் பிரவுசிங் சென்டரில் சின்னத் தொகை கொடுத்து நிரப்பிக்கொள்வதில் தவறில்லை. ஆனால் மொபைல் எண்ணும் மின்னஞ்சலும் உங்களுடையதாக இருக்கட்டும். கடைக்காரர் தன் மின்னஞ்சலைப் போட்டுவிட்டால் தேதி மாற்றக்கூட அவரிடம்தான் போய் நிற்க வேண்டும்.

அரசின் தளம் பாஸ்போர்ட்இண்டியா.ஜிஓவி.இன் ஒன்றுதான், செயலி ‘எம்பாஸ்போர்ட் சேவா’. ஆர்க், காம் என்று முடியும் போலித் தளங்கள் அதே நிறத்தில், அதே சின்னத்தோடு இருக்கும். 36 பக்கப் புத்தகத்துக்கான சாதாரண விண்ணப்பத்துக்கு, மேலே சொன்ன 1,500-க்கு மேல் கேட்டால் உடனே வெளியே வந்துவிடுங்கள். சந்தேகம் இருந்தால் 1800-258-1800 என்ற கட்டணமில்லா எண்ணில் கேட்கலாம்.

இப்போது சிப் வைத்த இ-பாஸ்போர்ட் வருகிறதாமே? அதற்குத் தாமதம் ஆகுமா? பழையதை மாற்ற வேண்டுமா?

சென்னையில் 2025 மார்ச்சில் தொடங்கினார்கள். கட்டணம் மாறவில்லை, தனியாக விண்ணப்பிக்கவும் வேண்டாம். பழைய பாஸ்போர்ட் காலாவதி ஆகும்வரை செல்லும். சிப்புக்காக மட்டும் மாற்றப் போக வேண்டியதில்லை.

தபால்காரர் வரும்போது வீட்டில் யாரும் இல்லை. என்ன ஆகும்?

பாஸ்போர்ட்டை உரியவர் கையில்தான் கொடுக்க வேண்டும், கதவிடுக்கில் செருக மாட்டார்கள். ஆள் இல்லாவிட்டால் தபால் நிலையத்தில் சில நாள் வைத்திருந்து, பிறகு மண்டல அலுவலகத்துக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள். அங்கிருந்து வாங்க இன்னொரு அலைச்சல். அனுப்பியதும் ஸ்பீட் போஸ்ட் எண் குறுஞ்செய்தியில் வரும். அதைக் காட்டி உங்கள் தபால் நிலையத்திலேயே அடையாள அட்டையோடு கேட்டுப் பார்க்கலாம்.

கைக்கு வந்ததும் எதைப் பார்க்க வேண்டும்?

பெயர், பிறந்த தேதி, பிறந்த ஊர், பெற்றோர் பெயர் எல்லாவற்றிலும் எழுத்துக்கூட்டல். அப்புறம், ‘இசிஆர்’ (சில நாடுகளுக்கு வேலைக்குப் போக முன் அனுமதி தேவை என்ற குறிப்பு) என்று அச்சாகியிருக்கிறதா என்பது. பத்தாம் வகுப்பு தேறியவர்களுக்கு அது இருக்கக் கூடாது. சவுதி, குவைத், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலை விசாவில் போகிறவர்கள், இசிஆர் இருந்தால் குடிபெயர்வோர் பாதுகாவலர் அலுவலகத்தில் அனுமதி வாங்க வேண்டும். சுற்றுலா போக அது தடையில்லை. பத்தாம் வகுப்புச் சான்றிதழை மையத்தில் காட்ட மறந்ததால் மட்டுமே இசிஆர் விழுந்தவர்கள் நிறைய. அதை நீக்க மறுபடி முழு விண்ணப்பம் போட வேண்டும். அச்சுப் பிழை உங்கள் படிவத்தில் இல்லாமல் அலுவலகத்தில் நேர்ந்தது என்றால், ரசீதையும் படிவ நகலையும் எடுத்துக்கொண்டு உடனே மண்டல அலுவலகத்துக்குப் போங்கள்.